லயம்: ஓர் ஆங்கிலச் சொல்லின் மலைநாட்டு வரலாறு

ஆங்கில மொழியிலே ‘லைன்’ என்றொரு சிறு சொல் உண்டு. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் அதனை முதன்முதலிற் ‘கோடு’ என்று பொருள் சொல்லிப் படிக்கின்றனர். ஆயினும், அச்சொல்லைக் கோடு என்னும் ஒரு பொருளிலே கட்டி நிறுத்திவிட இயலாது. பாட்டின் அடியும் லைன். புகையிரதப் பாதையும் லைன். தூண்டிற் கயிறும் லைன். துணி உலர்த்தும் கொடியும் லைன். போர்க்களத்திலே படைகள் எதிர்நின்று காக்கும் முனையும் லைன். அரச பரம்பரையும் லைன். ஒருவர் பிழைப்புக்காகச் செய்யும் தொழிலும் லைன். இதற்கு மேற் செல்லாதே என்று விதிக்கப்படும் எல்லையும் லைன். இத்தனை பொருளும் கிளைத்த வேரைத் தேடிச் சென்றால், அஃது ஒரு நூலிழையிலே சென்று முடிகின்றது. இலத்தீன் மொழியில் ‘லீனும்’ என்பது ஆளிச்செடியின் பெயர். அச்செடியின் நாரிலே திரித்த நூல் ‘லீனியா’. நூலை இழுத்துப் பிடித்தால் நேர்க்கோடு தோன்றும்; கோட்டின்மீது பொருள்களை வைத்தால் வரிசை தோன்றும்; வரிசையை மறித்து நின்றால் எல்லை தோன்றும். பொருள் விரிந்த வழி இதுவே.

தமிழர்க்கு இதிலே வியப்பதற்கு அதிகமில்லை. நம் மொழியின் ‘வரி’ என்னும் சொல்லும் இத்தகையதே. ஏட்டில் எழுதுவதும் வரி, புலியின் மேனியிற் கிடப்பதும் வரி, அரசன் கொள்ளும் இறையும் வரி, சிலப்பதிகாரத்திலே கடற்கரையிற் பாடப்படும் இசைப்பாட்டும் வரி. ஒரு சொல் பல பொருள் கொள்வது மொழிக்கு இயல்பு. வியப்புக்குரியது வேறொன்று. லைன் என்னும் சொல்லின் எண்ணற்ற பொருள்களுள், ஆங்கிலேயரே பெரிதாகக் கருதாத ஒரு பொருள், கடல் கடந்து வந்து, இலங்கையின் மலைகளில் ஏறி, பல்லாயிரம் தமிழ்க் குடும்பங்களின் இருப்பிடத்துக்குப் பெயராகி, ஏறக்குறைய இரண்டு நூற்றாண்டுகளாக அங்கேயே தங்கிவிட்டது. அந்தப் பெயர்தான் ‘லயம்’.

கண்டி நகரிலிருந்து வத்தேகமை, பன்வில வழியாகச் செல்லும் வீதி மலைமேல் வளைந்து வளைந்து ஏறி மடுல்கெல்லையை அடைகின்றது. நக்கிள்ஸ் மலைத்தொடரின் சாரல் அது. மூடிய கையின் விரல் மொளிகளைப் போல் அம்மலைமுடிகள் தோன்றியமையால் ஆங்கிலேயர் இட்ட பெயர் நக்கிள்ஸ். நாட்டு மக்கள் அப்பகுதியைத் தும்பறை என்பர். சுற்றிலும் தேயிலை. தேயிலைக்கு நடுவே ஆலை, துரையின் பங்களா, கோயில், பள்ளிக்கூடம். இவற்றுக்கெல்லாம் சற்று ஒதுங்கி, மலைச்சரிவிலே நீண்டு கிடக்கும் கட்டடங்கள் லயங்கள். வீடு எங்கே என்று அங்கே ஒரு பிள்ளையைக் கேட்டால் ‘மேட்டு லயம்’ என்றோ ‘பணிய லயம்’ என்றோ விடை வரும்.

இச்சொல் மலைக்கு எவ்வாறு ஏறிற்று என்பதை அறிவதற்குக் காப்பிக் காலத்துக்குச் செல்லவேண்டும். 1820களில் கம்பளைப் பக்கத்திலே தொடங்கிய காப்பிப் பயிர்ச்செய்கை, 1840களில் கண்டியைச் சுற்றிய மலைகளெங்கும் பரவிற்று. நக்கிள்ஸ், கெலெபொக்க, ரங்கல ஆகிய பகுதிகள் காப்பித் துரைமாரிடையே பெயர்பெற்றிருந்தன. காட்டை வெட்டி, தீயிட்டு, சாம்பல் ஆறியபின் தொடங்கும் முதல் வேலைக்கு அவர்கள் ‘லைனிங்’ என்று பெயரிட்டனர். குறிப்பிட்ட அடிகளுக்கு ஓர் அடையாளம் கட்டிய நீண்ட கயிற்றை மலைச்சரிவின் குறுக்கே இழுத்துப் பிடித்து, ஒவ்வோர் அடையாளத்துக்கும் ஒரு முளை அடித்துச் செல்வார்கள். முளை நின்ற இடத்திலே குழி, குழியிலே கன்று. ஆளிநாரின் நூலாகப் பிறந்த சொல், கயிறு என்னும் தன் ஆதிப் பொருளோடேயே இம்மலைகளிற் கால்வைத்தது எனலாம். அந்தக் கயிற்றின் இரு முனைகளையும் பிடித்து நின்றவர்கள் தென்னிந்தியாவிலிருந்து வந்த தமிழர்.

அவர்கள் வந்த வழி நேயர்கள் பலர் அறிந்ததே. மன்னார்க் கரையில் இறங்கி, வறண்ட காட்டினூடே கால்நடையாக மாத்தளை வரையில் நடந்து, அங்கிருந்து கண்டிச் சீமையின் தோட்டங்களுக்குப் பிரிந்து சென்றனர். வழியிலே காய்ச்சலுக்கும் வாந்திபேதிக்கும் பலியானோர் பலர். 2023ஆம் ஆண்டிலே, அவர்தம் வருகையின் 200 ஆண்டு நிறைவை முன்னிட்டுத் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரையில் மலையக மக்கள் நடந்து சென்றது இந்தப் பழைய வழியை நினைந்தே. புகையிரதம் கண்டிக்கு 1867இலும், வத்தேகமை வழியாக மாத்தளைக்கு 1880இலும் வந்து சேர்ந்தது. அதன் பெயரும் லைன்தான். ஆனால் அந்த லைன் முதலில் ஏற்றிச் சென்றது மூட்டைகளையே என்பது வேறு கதை.

இனி, இருப்பிடத்துக்கு லைன் என்னும் பெயர் வந்த வகையைப் பார்ப்போம். இந்தியாவில் ஆங்கிலேயரின் படைப்பாளையங்களிலே, சிப்பாய்கள் தங்கும் குடிசைகள் ஒரே சீராக வரிசை வரிசையாக அமைக்கப்பட்டன. அவ்வரிசைகளை ‘லைன்ஸ்’ என்றனர். சிங்கப்பூரிலே ‘சிப்பாய் லைன்ஸ்’ என்று ஓர் இடமே பெயர்பெற்றது. இந்திய நகரங்களிற் காவலர் குடியிருப்பை இன்றும் ‘போலீஸ் லைன்’ என்பர். தொடக்க காலத்திலே காப்பித் தோட்டம் திறந்தோருள் படை அதிகாரிகளும் அரசாங்க உத்தியோகத்தரும் பலர். ஆட்களைக் கூட்டமாகக் குடியமர்த்தவேண்டிய நிலை வந்தபோது, அவர்கள் கண்ணிலே தோன்றிய மாதிரி பாளையத்தின் மாதிரியே.

இதனை வெறும் ஊகமென்று தள்ளுதல் இயலாது. தோட்டத்தின் மற்றைச் சொற்களும் இதற்குச் சான்று கூறுகின்றன. விடியற்காலையில் தொழிலாளர் வந்து நின்று பெயர் கொடுக்கும் இடம் ‘பிரட்டுக்களம்’. பிரட்டு என்பது படையணி வகுப்பைக் குறிக்கும் ‘பரேட்’ என்னும் ஆங்கிலச் சொல்லின் திரிபு. தேயிலைச் செடியை வெட்டித் திருத்துவது ‘கவ்வாத்து’. கவாத்து என்று தமிழ்நாட்டார் படைப்பயிற்சியையும் சொல்வர். தாரை தப்பட்டை கேட்டு எழுந்து, பிரட்டுக்கு நின்று, மாலையில் லைனுக்குத் திரும்பிய மனிதன், துப்பாக்கி பிடிக்காத சிப்பாயாகவே நடத்தப்பட்டான். சிப்பாய்க்காவது சேவைக்காலம் முடிந்தால் ஊர் திரும்ப வழியிருந்தது.

காப்பிக் காலத்து லைன்கள் மண்ணும் கம்பும் புல்லும் கொண்டு கட்டியவை. காப்பிக்கு அறுவடைக் காலத்திலேயே ஆட்கள் மிகுதியாகத் தேவைப்பட்டனர். வேலை முடிந்ததும் பெரும்பாலோர் ஊர் திரும்பினர். 1869இல் காப்பி இலையைப் பற்றிய நோய் முதன்முதலில் ஊவாவிலுள்ள மடுல்சீமையிற் காணப்பட்டது. (பெயர் ஒற்றுமையால் அதனை மடுல்கெல்ல என்று மயங்கவேண்டா.) அந்நோய் காப்பியை அழித்தபின், 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்தறையில் 19 ஏக்கரிற் பயிரிட்டுக் காட்டிய தேயிலை மலையெங்கும் பரவிற்று. தேயிலையோ ஆண்டு முழுவதும் கொழுந்து கொடுப்பது. ஆட்கள் குடும்பத்தோடு நிலையாகத் தங்கவேண்டியதாயிற்று. மண் குடிசை கற்சுவராயிற்று, புற்கூரை தகரமாயிற்று. தற்காலிகமாகத் தங்கிய பாளையம், தலைமுறை தலைமுறையாகக் குடியிருக்கும் ஊராயிற்று. பெயர் மட்டும் மாறவில்லை.

லயத்தின் அமைப்பை நகரத்து நேயர்க்காகச் சிறிது கூறலாம். ஒரே முகட்டின் கீழ் பத்து, பன்னிரண்டு அறைகள் அடுத்தடுத்து இருக்கும். முதுகோடு முதுகு ஒட்டினாற்போல் இருபுறமும் அறைகள் கொண்ட இரட்டை லயங்களும் உண்டு. அவற்றிலே பின்வாசலுக்கோ பின்சன்னலுக்கோ இடமில்லை. அறை ஒன்று பெரும்பாலும் 10 அடிக்கு 12 அடி. அந்த அறையைக் ‘காம்பரா’ என்பர்; அது போர்த்துக்கேயர் தந்த சொல். அறைக்கு முன்னுள்ள சிறு திண்ணையை ‘இஸ்தோப்பு’ என்பர். அஃது ஒல்லாந்தர் தந்தது. இவ்வாறு, இலங்கையை ஆண்ட மூன்று ஐரோப்பிய இனத்தாரின் சொற்களும் ஒரு தகரக் கூரையின் கீழ் ஒன்றுகூடின. உள்ளே எரிந்த அடுப்பும், சுவரிலே தொங்கிய சாமிப் படமும், தாலாட்டும் தமிழருடையவை. கங்காணியின் கூட்டத்தையும் சாதியையும் பார்த்தே பல இடங்களிலே லயங்கள் பகிர்ந்தளிக்கப்பட்டன. லைன் என்பதற்குப் பரம்பரை என்றும் ஒரு பொருள் உண்டென்று மேலே கண்டோம். அதுவும் எவரும் நினையாமலே இங்கு வந்து பொருந்திற்று.

பிரித்தானியப் பேரரசிலே தமிழரும் ஏனைய இந்தியரும் கரும்புக்கும் இறப்பருக்கும் தேயிலைக்கும் சென்ற இடமெல்லாம் இதே கட்டடம் எழுந்தது. ஆயினும் பெயர் இடத்துக்கு இடம் மாறிற்று. திரினிடாட்டிலே அதனைப் படைவீடு என்னும் பொருளில் ‘பரக்ஸ்’ என்றனர். பிரித்தானியக் கயானாவிலே ‘லோஜி’ என்றனர். பீஜித் தீவிலும் அசாமிலும் மலாயாவிலும் லைன் என்றே வழங்கினர். பீஜித் தீவின் பழைய லைன்களிலே ஓர் அறை 10 அடிக்கு 7 அடிதான். அதிலே மணமாகாத ஆடவர் மூவர், அல்லது ஒரு கணவனும் மனைவியும். அதனோடு ஒப்பிட்டு இலங்கையின் லயத்தைச் சிறந்தது என்று மெச்சிய துரைமாரும் இருந்திருக்கலாம். இரண்டையும் அளந்த கோல் ஒன்றே.

இனிச் சொல்லின் வடிவத்துக்கு வருவோம். லைன் என்பது தொழிலாளர் நாவிலே முதலில் ‘லயன்’ ஆயிற்று. மலைநாட்டுக்குப் புதிதாக வரும் நகரத்தார் அதனைக் கேட்டுச் சிங்கத்தை நினைப்பதுண்டு. பின்னர் லயன், ‘லயம்’ ஆயிற்று. இங்கேதான் தமிழின் இயல்பு வேலை செய்தது. அறம் என்பதை அறன் என்றும், நிலம் என்பதை நிலன் என்றும் வழங்கலாமென நன்னூல் கற்ற மாணவர் அறிவர். ஈற்றிலே மகரமும் னகரமும் ஒன்றன் இடத்தில் மற்றொன்று நிற்கும். அவ்வழக்கைத் தலைகீழாகத் திருப்பினால் லயன் லயம் ஆகும். இலக்கணம் படியாத மக்களின் நாவிலும் இலக்கணம் வாழ்கிறது என்பதற்கு இதைக்காட்டிலும் நல்ல உதாரணம் அரிது.

வடிவம் மாறியவுடன் சொல்லுக்குப் புதிய உறவினர் வந்து சேர்ந்தனர். இசையிலே தாளத்தோடு இணைந்து நிற்பது லயம். வடமொழியிலே லயம் என்பதற்கு ஒடுங்குதல், தங்குமிடம் என்னும் பொருள்கள் உண்டு. ஆலயம் என்பதிலே உள்ளதும் அதுவே. மற்றொரு புறம், குதிரை கட்டும் ‘லாயம்’ மிக அருகில் நிற்கின்றது. மனிதரைக் குதிரைகளைப் போல் அடைத்தமையால் லாயமே லயமாயிற்று என்று கூறுவாரும் உளர். அக்கூற்றிலே நியாயமான சினம் இருக்கிறது, சொல்வரலாறு இல்லை. ஆங்கிலேயர் தம் ஏடுகளிலே எழுதியது லைன்ஸ். லயன் என்னும் இடைப்பட்ட வடிவம் இன்றும் வழங்குகின்றது. ஆகவே லைன் என்பதே மூலம் எனக் கொள்ளுதல் பொருந்தும். அடைத்து வைத்த கொடுமையைக் காட்டுவதற்குச் சொல்லைத் திரிக்கவேண்டிய தேவையில்லை. 10 அடிக்கு 12 அடி என்னும் அளவே போதும்.

வரிசை என்னும் பொருளுக்குத் தமிழில் சொல் இல்லாமையால் லைனைக் கடன் வாங்கினார்களா என்றால், அதுவுமன்று. அதே தோட்டத்திலே, தேயிலைச் செடிகளின் வரிசைக்கு அவர்கள் வழங்கும் சொல் ‘நிரை’. காலையிலே கங்காணி ஒவ்வொரு பெண்ணுக்கும் நிரை பிரித்துக் கொடுப்பார்; அவள் தன் நிரையைப் பிடித்துக் கொழுந்தெடுத்து ஏறுவாள். சங்க காலத்திலே ஆநிரை என்று வழங்கிய சொல் அது. செடியின் வரிசைக்குப் பழந்தமிழ்ச் சொல். மனிதரின் வரிசைக்கு ஆங்கிலச் சொல். காரணம் வெளிப்படை. நிரை அவர்கள் கைப்பட்டுப் பழகிய வேலைக்குரியது. அதற்கு அவர்களே பெயரிட்டனர். லயமோ அவர்களுக்காகப் பிறர் கட்டியது. கட்டியவர் இட்ட பெயரே நிலைத்தது. அதனை ‘வீடு’ என்று அவர்கள் அழைக்காமைக்கும் இதுவே காரணமாகலாம். வீடு என்பது அக்கரையில் விட்டு வந்த ஒன்றாகவே நெடுங்காலம் இருந்தது.

அக்கரை மறந்து இக்கரையே ஊரான பின்னரும் லயம் வீடாகவில்லை. வேலை போனால் காம்பராவும் போகும் என்பதே விதி. லைன் என்னும் சொல்லின் மற்றொரு பொருளாகிய எல்லை, இங்கே தன் முகத்தைக் காட்டிற்று. தோட்டம் தனியார் நிலம்; அத்துமீறிப் புகுவோர்மேல் வழக்குண்டு. தொழிற்சங்கம் அமைக்கவந்த கோ. நடேசய்யர் துணி வியாபாரியைப் போல் வேடமிட்டு லயங்களுக்குட் சென்று தொழிலாளரைக் கண்டார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். தன் மக்களைக் காண ஒரு தலைவர் வேடமிடவேண்டியிருந்தது. 1946இலே, கேகாலைப் பக்கத்து நேவ்ஸ்மயர் தோட்டத்தை அரசாங்கம் கிராம விரிவுக்கென எடுத்துக்கொண்டபோது, அங்கிருந்த தமிழ்த் தொழிலாளர் லயங்களைவிட்டு வெளியேறுமாறு பணிக்கப்பட்டனர். அவர்கள் மறுத்தனர்; அவர்களுக்காகப் பிற தோட்டங்களிலும் வேலைநிறுத்தம் பரவிற்று. பிறந்து வளர்ந்த காம்பராவிலே இருக்கும் உரிமை யாருடையது என்னும் வினா அன்று உரத்து எழுந்தது.

அவ்வினாவுக்கு 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் அளித்த விடை கசப்பானது. மலைநாட்டுத் தமிழருட் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1964இல் இரு நாட்டுப் பிரதமரும் செய்த உடன்படிக்கையின்படி இலட்சக்கணக்கானோர் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டனர். எஞ்சியோரின் குடியுரிமைச் சிக்கலைத் தீர்க்க 2003ஆம் ஆண்டுவரை சட்டம் இயற்றவேண்டியிருந்தது. 1947இலே தலவாக்கலையிலிருந்து பாராளுமன்றம் சென்ற சி. வி. வேலுப்பிள்ளை, பின்னாளில் எழுதிய நாவல் ஒன்றுக்கு இட்ட பெயர் ‘வீடற்றவன்’. லயத்திலே இருப்பவனைக் குறிக்க அவர் தேர்ந்த சொல் அது. தி. ஞானசேகரன் தம் நாவலுக்கு ‘லயத்துச் சிறைகள்’ என்று பெயரிட்டார். ஆங்கிலச் சொல் தமிழ் இலக்கியத்துட் புகுந்தபோது, அதனருகே இல்லாமையும் சிறையும் வந்து நின்றன.

இவற்றினும் சிறியதாகத் தோன்றினும், அன்றாடம் உறுத்திய குறை ஒன்று உண்டு. அது முகவரி. லயத்துக்கு இலக்கமில்லை, வீதியின் பெயரில்லை. தோட்டத்தின் பெயரும் பிரிவின் பெயரும் எழுதிய கடிதங்கள் கட்டாகத் தோட்டக் கந்தோருக்கு வரும். அங்கிருந்து கைமாறிக் கைமாறி, என்றோ ஒருநாள் உரியவரைச் சேரும். ஒரே தோட்டத்திலே ஒரே பெயருடையோர் பலர். நேர்முகத் தேர்வுக்கு அழைத்த கடிதம், தேர்வு நாள் கழிந்தபின் ஒரு பிள்ளையின் கைக்கு வந்தால், அப்பிள்ளை யாரிடம் முறையிடுவது? நகரத்திலே வாழ்வோர்க்கு முகவரி ஒரு வசதி. மடுல்கெல்லையைப் போன்ற மலைகளிலே அது ஒரு வாழ்வின் திருப்பம். உள்ளூராட்சியின் கையும் லயத்தை எட்டவில்லை. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்திலே தோட்டக் குடியிருப்புக்களுக்குச் சபைகள் பணி செய்வதற்கு இருந்த தடை, 2018இலேதான் திருத்தப்பட்டது. அதுவரையில், வாக்களித்துச் சபைக்கு ஆள் அனுப்பியவர்களின் லயத்துக்கு அச்சபை ஒரு பாதை போட்டுக்கொடுப்பதற்கும் தயங்கவேண்டியிருந்தது.

அரசாங்கத்தின் சொற்களிலும் மாற்றம் மெல்லவே வந்தது. 2012ஆம் ஆண்டின் குடிசன மதிப்பீட்டிலே இருப்பிட வகைகளை வகுத்தபோது, வரிசை வீட்டையும் லயன் அறையையும் ஒரே தலைப்பின் கீழ் எழுதினர். 2015இலே அமைந்த ஓர் அமைச்சின் பெயரிற்றான் ‘மலைநாட்டுப் புதிய கிராமங்கள்’ என்னும் தொடர் இடம்பெற்றது. 2018இலே பெருந்தோட்டப் பகுதிகளின் புதிய கிராமங்களுக்கென அதிகாரசபை ஒன்றும் சட்டத்தால் நிறுவப்பட்டது. இந்திய உதவியுடன் 4,000 தனி வீடுகள் கட்டும் திட்டம் நடைபெற, 2017இலே மேலும் 10,000 வீடுகளுக்கு உறுதி கூறப்பட்டது. குடும்பத்துக்கு 7 பேர்ச் காணியிலே தனி வீடு என்பது ஏற்பாடு. தோட்டம் என்று இருந்ததைக் கிராமம் என்றும், காம்பரா என்று இருந்ததை வீடு என்றும் அழைப்பதற்கு இத்தனை காலம் சென்றது. இடையிலே சில தோட்டங்களில் மாடியாகக் கட்டிக்கொடுத்த குடியிருப்புக்களை ‘மாடி லயம்’ என்று கேலி செய்வாரும் இருந்தனர். அடுக்கி வைத்தாலும் வரிசை வரிசைதான் என்பது அவர் கருத்துப் போலும்.

லயங்கள் இன்னும் மறையவில்லை. மலைச்சரிவிலே தகரக் கூரைகள் மழைக்கு ஒலிக்கின்றன. பழைய தகரத்தின் மேல் பறக்காதிருக்கக் கல் வைத்திருக்கிறார்கள். அங்கே பிறந்த பிள்ளைகள் ஆசிரியராகவும் எழுதுவினைஞராகவும் கொழும்பிலே கடைப்பணியாளராகவும் சென்றிருக்கிறார்கள். தீபாவளிக்கு ஊர் வரும்போது, எங்கே பயணம் என்று பேருந்தில் கேட்பவருக்கு ஊரின் பெயரைச் சொல்லி நிறுத்திக்கொள்வாரும் உண்டு. லயத்துக்கு என்று தயங்காமற் சொல்வாரும் உண்டு.

அப்பிள்ளைகளின் பேச்சிலே, லைன் என்னும் அதே ஆங்கிலச் சொல் இரண்டாம் முறையாகவும் வந்து குடியேறியிருக்கிறது. மின்சாரக் கம்பி அவர்களுக்கு லைன். தொலைபேசித் தொடர்பும் லைன். மலைமறைவிலே தொடர்பு அறுந்தால் ‘லைன் இல்லை’ என்று சொல்லி மேட்டுக்கு ஏறி நின்று பேசுகிறார்கள். மின்கம்பம் புதிதாக நாட்டப்பட்ட இடத்திலே ‘லயத்துக்கு லைன் இழுத்தாயிற்று’ என்கிறார்கள். ஒரு வாக்கியத்திலே ஒரே சொல் இருமுறை வந்துவிட்டது என்று அவர்களில் ஒருவரும் எண்ணுவதில்லை.